காசு ஓட்டை மாற்றுகிறதா? சோதித்தால்தான் தெரியும்

'காசு கொடுத்தவனுக்குத்தான் ஓட்டு' என்ற பேச்சு தேர்தல் வந்தால் எங்கள் அம்பாசமுத்திரம் தொகுதியின் பாபநாசம், விக்கிரமசிங்கபுரம் பக்கமும் கேட்கும். பணப் பட்டுவாடாவால் 2019 ஏப்ரலில் வேலூர் மக்களவைத் தேர்தலே ரத்தானது. ஆனால் காசு கொடுப்பது வேறு, அது ஓட்டை மாற்றுவது வேறு. காசு போன தெருவில் அந்தக் கட்சிக்கு ஓட்டு கூடினால் அதை ஆதாரமாகக் காட்டுகிறோம். எந்தத் தெரு தங்கள் பக்கம், எது மதில்மேல் பூனை என்பது பூத் ஏஜென்டுக்கு அத்துப்படி. பார்த்துத்தான் கவர் போகும். அந்தத் தெரு காசில்லாமலும் அதே கட்சிக்கு ஓட்டுப் போட்டிருக்குமோ என்ற கேள்விக்கு நம்மிடம் பதில் இல்லை.

இப்படிப்பட்ட கேள்விகளுக்குப் பதில் தேடித்தான் கள ஆய்வாளர்கள் திருவுளச்சீட்டை நாடுகிறார்கள். காசைக் கொடுத்துச் சோதிக்க முடியாது; ஆனால் தகவலைக் கொடுத்து ஓட்டு மாறுகிறதா என்று பார்க்கலாம். 2008 டெல்லி சட்டமன்றத் தேர்தலில் அபிஜித் பானர்ஜி, ரோகிணி பாண்டே உள்ளிட்டோர் குடிசைப் பகுதிகளைக் குலுக்கல் முறையில் பிரித்தார்கள். தகவல் உரிமைச் சட்டத்தில் பெற்ற விவரங்களைக் கொண்டு எம்.எல்.ஏ.க்களின் செயல்பாட்டைச் சொல்லும் மதிப்பெண் அட்டை ஒரு பிரிவுக்கு மட்டும் நாளிதழ் வழியாகப் போனது. பிரித்தது குலுக்கல் என்பதால், பின்னால் தெரிந்த வித்தியாசத்துக்குக் கட்சிக்காரரின் கணக்கைக் காரணம் சொல்ல முடியாது. அட்டை போன இடங்களில் வாக்குப்பதிவு சுமார் 2 சதவீதப் புள்ளி கூடியது, நன்றாகச் செயல்பட்டவர்களுக்கு ஓட்டு கூடியது, காசு விநியோகம் குறைந்தது. விவரம் கையில் கிடைத்தால் ஏழை வாக்காளர் எடைபோட்டு ஓட்டுப் போடுவார் என்பதற்கு இதைவிட நல்ல சான்று நம் நாட்டில் அரிது.

தேர்தலில் ஆய்வாளர் கைவைக்கலாமா என்ற கேள்வி நியாயமானது. 2014-இல் அமெரிக்காவின் மான்டானாவில் நீதிபதி தேர்தலுக்கு முன் ஸ்டான்ஃபோர்டு, டார்ட்மத் ஆய்வாளர்கள் மாநில முத்திரையோடு சுமார் 1 லட்சம் பேருக்கு அஞ்சல் அனுப்பினார்கள்; பல்கலைக்கழகங்கள் மன்னிப்புக் கேட்க வேண்டி வந்தது. முத்திரையை எடுத்தாண்டதும் ஆய்வின் அளவும் அங்கே பிழை. பொதுவில் உள்ள உண்மைத் தகவலை, எந்தக் கட்சிக்கும் சாயாமல், சில பூத்துகளில் மட்டும் கொடுப்பதை அதோடு சேர்க்க முடியாது.

டெல்லியில் பலித்தது இங்கே பலிக்குமா என்பது அதைவிடக் கனமான கேள்வி. பெனின், பிரேசில், மெக்சிகோ, உகாண்டா முதலிய நாடுகளில் ஒரே திட்டப்படி நடந்த சோதனைகளின் தொகுப்பு 2019-இல் வந்தது. தகவல் தந்ததால் ஓட்டு பெரிதாக மாறவில்லை என்றது அது. ஆகவே டெல்லி முடிவை அப்படியே இங்கே பொருத்தக் கூடாது. அம்பாசமுத்திரம் தொகுதியிலேயே, பீடி சுற்றும் பெண்கள் மிகுந்த தெருக்களையும் சேர்த்து, பூத்துகளைக் குலுக்கிப் பிரித்து, சிலவற்றில் மட்டும் தகவல் கொடுத்துச் சோதிக்கலாம். யாருக்குப் போட்டாய் என்று ஒருவரையும் கேட்க வேண்டாம். பூத்வாரி ஓட்டுக் கணக்கு படிவம் 20-இல் தேர்தலுக்குப் பின் எப்படியும் வெளியாகிறது.