புங்கந்துளிர் தின்னும் தாவி

மாசி, பங்குனியில் இலை கொட்டிய கையோடு தெருப் புங்கமரங்கள் மளமளவெனத் துளிர்க்கும். அந்தத் துளிர் முற்றுவதற்குள்ளேயே சில மரங்கள் மறுபடி மொட்டையாகிவிடும். மரத்துக்கு ஏதோ நோய் என்று மருந்தடிக்க ஆள் தேடுவார்கள். நோய் ஒன்றுமில்லை. ஹசோரா குரோமஸ் என்ற தாவி வண்ணத்துப்பூச்சியின் புழுக்கள் விருந்துண்டு போயிருக்கின்றன, அவ்வளவுதான்.

பூச்சி பார்வைக்குச் சாதாரணம். பழுப்பு நிறம், சிறகின் அடிப்புறத்தில் ஒரு வெள்ளைப் பட்டை, பருத்த உடல், நுனி வளைந்த உணர்கொம்பு. விர்ரென்று பறந்து இலைக்கடியில் ஒட்டிக்கொள்ளும். பலர் அந்துப்பூச்சி என்றே நினைக்கிறார்கள். 1780இல் வெளியான இதன் அறிவியல் விவரிப்பு பீட்டர் கிராமர் என்ற ஆம்ஸ்டர்டாம் கம்பளி வியாபாரியின் பெயரில் இருக்கிறது. அவர் 1776இலேயே இறந்துவிட்டார்!

புங்கம் அடிப்படையில் கரையோர மரம். கழிமுகத்திலும் அலையாத்திக் காட்டுக்குப் பின்புறத்திலும் ஆற்றங்கரையிலும் வளரும்; காய் நீரில் மிதந்து பரவும். இந்தியா, இலங்கை முதல் குயின்ஸ்லாந்து கடலோரம் வரை புங்கம் நிற்கும் இடங்களில் இந்தத் தாவியும் இருக்கிறது. நிழலுக்காக மரத்தை ஊருக்குள் கொண்டுவந்தோம், பூச்சியும் கூடவே வந்தது.

வேடிக்கை என்னவென்றால், புங்க எண்ணெய் நம் விவசாயிகளின் பூச்சிவிரட்டி. அதிலுள்ள கரஞ்சின் என்ற பொருள் பல பூச்சிகளுக்கு ஆகாது. இந்தப் புழுவோ புங்கத்தின் இளந்துளிரைத்தான் தேடித் தின்கிறது. தாய் துளிரில் முட்டையிடும். புழு பட்டு நூலால் இலையை மடித்து வீடு கட்டிக்கொள்ளும். தாவிப் புழுக்கள் பலவற்றுக்கு இன்னொரு பழக்கமும் உண்டு: எச்சத்தைத் தூரமாக வீசியெறிவது. ஏன் என்று அமெரிக்கத் தாவி ஒன்றை வைத்து ஆய்வாளர் மார்த்தா வைஸ் 2003இல் காட்டினார். எச்ச வாடையை மோப்பம் பிடித்து வேட்டைக்குளவி வீட்டுக்கே வந்துவிடுமாம். அந்தப் புழு தன் உடல் நீளத்தைப்போல் 38 மடங்கு தூரம் வரை வீசுகிறது!

மொட்டையான புங்கம் சாவதில்லை; வேரில் ஈரமிருந்தால் மீண்டும் துளிர்க்கும். மருந்தடித்தால் புழுவோடு அதைத் தின்ன வரும் குளவியும் போகும். என் சந்தேகமெல்லாம் நாம் நடும் முறை மீதுதான். கரையோரக் காட்டில் புன்னை, பூவரசுக்கு நடுவே புங்கம் நிற்கும். ஒரு மரத்துப் புழு அடுத்த புங்கத்துக்கு எளிதில் போய்விடாது. நாமோ தெரு நெடுக இதையே வரிசையாக வைக்கிறோம், பந்தியில் இலை போட்டதைப்போல. ஊராட்சி, நகராட்சிகள் அடுத்த முறை கன்று வாங்கும்போது புன்னையையும் பூவரசையும் கலந்து வாங்கலாம்.