ஒரகடத்துக்கு நிலநடுக்கம் வருமா?

2001 செப்டம்பர் 25 இரவு எட்டரை மணி வாக்கில் புதுச்சேரிக்கு அருகே கடலுக்கடியில் ஏறத்தாழ 5.5 அளவில் நிலம் அதிர, சென்னைவாசிகள் பதறிப்போய்த் தெருவுக்கு வந்தார்கள். இதை முன்கூட்டியே சொல்ல முடியாதா? நாள், இடம், அளவு மூன்றையும் சேர்த்துச் சொல்ல இன்றுவரை யாராலும் முடியவில்லை.

1975-ல் சீனாவின் ஹைசெங்கில் மக்களை முன்கூட்டியே வெளியேற்றினார்கள். அங்கே சிறு அதிர்வுகள் வரிசையாக வந்து காட்டிக்கொடுத்தன. அடுத்த ஆண்டே டாங்ஷானில் அப்படி எதுவும் வரவில்லை. அரசுக் கணக்கிலேயே 2,42,000 பேர் மாண்டார்கள். கலிஃபோர்னியாவின் பார்க்ஃபீல்டில் 1993-க்குள் நிலநடுக்கம் வரும் என்று கருவிகளை நட்டுக் காத்திருந்தார்கள். வந்தது 2004-ல்.

அதாவது அடிக்கடி அதிரும் ஊர்களிலேயே இந்த நிலை. சென்னைக்கு அருகே ஆலைகள் நிறைந்த ஸ்ரீபெரும்புதூர்–ஒரகடம் பகுதியோ கண்டத்தட்டின் நடுவே கிடக்கிறது. இத்தகைய இடங்களில் ஒரு பிளவு மறுபடி அசைய ஆயிரக்கணக்கான ஆண்டுகள் ஆகலாம். நம் கருவிப் பதிவுகளுக்கோ நூற்றுச் சொச்சம் வயதுதான். மகாராஷ்டிரத்தின் லாத்தூர் வட்டாரம் ஆபத்து மிகக் குறைந்த மண்டலமாகவே நாட்டின் நிலநடுக்க அபாய வரைபடத்தில் இருந்தது. 1993 செப்டம்பர் 30 அதிகாலை அங்கே நிலநடுக்கத்தில் பத்தாயிரம் பேர் வரை இறந்தார்கள். 2002-ல் வரைபடம் திருத்தப்பட்டபோது சென்னை இரண்டாம் மண்டலத்திலிருந்து மூன்றுக்கு ஏறியது. காஞ்சிபுரமும் அந்த வரைபடத்தில் மூன்றில்தான்.

கணிப்பு கைகூடாவிட்டாலும் சில விநாடி அவகாசம் கிடைக்கும். வேகமாக வரும் முதல் அலை அதிகம் சேதம் செய்யாது. பின்னால் வருவதுதான் உலுக்கும். ஒரகடத்திலிருந்து சுமார் நூறு கிலோமீட்டரில் நிலம் அதிர்ந்தால் இரண்டுக்கும் இடையே பத்து விநாடிக்குச் சற்று மேல். கருவி கண்டுபிடித்துச் செய்தி அனுப்பும் நேரம் போக மிஞ்சுவதில் ஆலையில் பிரஸ் இயந்திரத்தை நிறுத்தலாம், கேஸ் வால்வை மூடலாம். ஜப்பானில் 2007 முதல் நாடு முழுக்க இந்த ஏற்பாடு உண்டு; உத்தராகண்டுக்காக ரூர்க்கி ஐஐடி கைபேசிச் செயலியே தந்திருக்கிறது.

ஆலைக் கூடங்களைப் பற்றி எனக்குக் கவலை குறைவு. இரும்புச் சட்டமும் தகடும் எடை குறைந்தவை. பயம் சுற்றியுள்ள வாடகை விடுதிகள் மீதுதான்: கீழே சுவரே இல்லாமல் தூண் நிறுத்தி பைக் பார்க்கிங், மேலே மூன்று நான்கு மாடி. 2001 குஜராத் நிலநடுக்கத்தில் மையத்திலிருந்து 200 கிலோமீட்டருக்கு அப்பால் அகமதாபாத்தில் நொறுங்கிய அடுக்குமாடிகள் பலவும் இந்த வகைதான். நைட் ஷிஃப்ட் முடித்துத் தூங்குபவரைப் பத்து விநாடியில் மூன்றாம் மாடியிலிருந்து இறக்க முடியாது. அந்தத் தூண்களுக்கு இடையே சில இடங்களிலாவது கான்கிரீட் சுவர் எழுப்பச் சொல்லி, உள்ளாட்சி பிளான் அனுமதியின்போதே நிபந்தனை போடலாம்.