செங்குத்தாக நிற்கும் மணல்

ஆஸ்திரேலியாவின் நடுவே, ஆலிஸ் ஸ்பிரிங்ஸ் நகருக்குத் தென்மேற்கில், தட்டையான செம்மண் வெளியில் எழுந்து நிற்கிறது உலூரு. தரையிலிருந்து 348 மீட்டர் உயரம், சுற்றளவு 9.4 கிலோமீட்டர். உலகின் மிகப் பெரிய ஒற்றைக்கல் என்று பலரும் இதைச் சொல்வார்கள். ஆனால் இது தனியாகக் கிடக்கும் கல்லே அல்ல. நிலத்தடியில் வெகு ஆழம் வரை இறங்கும் மணற்கல் அடுக்குகளின் விளிம்புதான் வெளியே தெரிகிறது.

சுமார் 55 கோடி ஆண்டுகளுக்கு முன் இந்தப் பகுதியில் பெரிய மலைத்தொடர் ஒன்று எழுந்தது. அன்று நிலத்தில் மரமோ புல்லோ கிடையாது. மண்ணைப் பிடித்து வைக்க வேர்கள் இல்லாததால், மழை மலையை மளமளவென்று அரித்தது. வெள்ளம் அடித்து வந்த மணல் அடிவாரத்தில் ஓரிடத்தில் குவிந்தது. கூழாங்கல்லும் பாறைத் துண்டுகளும் இன்னோரிடத்தில் குவிந்தன. பிறகு கடல் வந்து மூடியது. மேலே படிந்த சேறும் மணலும் அழுத்த அழுத்த, கீழே இருந்தவை இறுகிப் பாறையாயின. 40 கோடி முதல் 30 கோடி ஆண்டுகளுக்கு முன்புவரை நிலம் மறுபடி நெருக்குண்டு மடிந்தது. கிடையாகப் படிந்திருந்த உலூருவின் அடுக்குகள் ஏறக்குறைய செங்குத்தாக நிமிர்ந்துவிட்டன. அலமாரியில் வரிசையாக நிறுத்திய புத்தகங்களைப் போல, ஒவ்வோர் அடுக்கும் அடுத்ததன் பக்கத்தில் நிற்கிறது. பாறையின் மேற்பரப்பில் இணையாக ஓடும் வரப்புகளும் பள்ளங்களும் அந்த அடுக்குகள்தான்.

கிட்டப் போய்ப் பார்த்தால் பாறையின் தோல் செதில் செதிலாக உரிந்திருக்கும். அந்தச் சிவப்பு வெறும் இரும்புத் துரு. குகைகளுக்குள் பாறையின் சொந்த நிறமான சாம்பல் தெரியும். மணிகளிடையே ஃபெல்ட்ஸ்பார் என்ற கனிமம் நிறைய உண்டு. நீரில் நெடுந்தூரம் உருண்டால் எளிதில் சிதைந்து களிமண்ணாகிவிடும் கனிமம் அது. அது இன்னும் மிஞ்சியிருக்கிறதென்றால், மணல் தாய்மலையை விட்டு அதிக தூரம் போகவில்லை, சீக்கிரமே புதைந்துவிட்டது என்று பொருள். மறைந்துபோன மலைத்தொடருக்கு இதைவிட நல்ல சாட்சி எனக்குத் தெரிந்து இல்லை.

கூழாங்கற்கள் குவிந்த இடம் காட்டா ஜூட்டா. உலூருவுக்கு மேற்கே, கண்ணுக்கெட்டும் தொலைவில் 36 குவிமாடங்களாக நிற்கிறது. அதன் உச்சி உலூருவைவிடச் சுமார் 200 மீட்டர் உயரம். இங்கே அடுக்குகள் லேசாகத்தான் சாய்ந்தன. பாறைக்குள் பதிந்த உருண்டைக் கற்களை வெறுங்கண்ணாலேயே பார்க்கலாம்.

 

உலூரு இப்பகுதியின் பழங்குடிகளான அனாங்கு மக்களுக்குப் புனிதமான இடம். 1985-இல் நிலவுரிமை அவர்களிடம் திரும்ப ஒப்படைக்கப்பட்டது. 2019 அக்டோபரில் பாறைமேல் ஏறுவதும் தடை செய்யப்பட்டது. சரியான முடிவு. அடிவாரத்தைச் சுற்றி நடக்கும் பாதை இருக்கிறது. நிமிர்ந்து நிற்கும் அடுக்குகளை நன்றாகப் பார்க்க முடிவதும் அங்கிருந்துதான்.