திரையும் ஒரு கல்வெட்டு

நுழையும்முன்

கண்டதைக் கண்டவாறே பிறர்க்குக் காட்டுதல் அறிவுலகின் முதற்கடமை. கல்லில் கண்டதைத் தாளில் படியெடுத்தனர் நம் ஆய்வறிஞர். கணினித் திரையில் காண்பதை நாம் ஒரு விசையால் படமாக்குகிறோம். கருவி மாறினும் நெறி ஒன்றே என்பதை இக்கட்டுரை விளக்குகிறது.

ஜம்பை காட்டும் வழி

இன்றைய கள்ளக்குறிச்சி மாவட்டத்தில், திருக்கோவிலூரை அடுத்த ஜம்பையில் 1981ஆம் ஆண்டு ஒரு தமிழிக் கல்வெட்டு கண்டறியப்பட்டது. அதியமான் நெடுமான் அஞ்சி உறைவிடம் அளித்த செய்தியை அதன் ஒற்றை வரி கூறுகிறது. அசோகரின் கல்வெட்டுகள் சோழர், பாண்டியர், கேரளபுத்திரருடன் சத்தியபுத்திரரையும் குறிப்பிடுகின்றன. அவர் யாவர் என்பது நெடுங்காலமாக ஆராயப்பட்டு வந்தது. ஜம்பைக் கல்வெட்டு அப்பட்டத்தை அதியமான் பெயரோடு சேர்த்துத் தந்து விடை பகர்ந்தது.

ஒரு சொல்லில் வரலாறு அடங்கியிருக்கும்போது படியெடுப்பில் பிழை நேரலாகாது. ஆகவே, ஆய்வாளர் கல்லைத் துலக்கி, நனைத்த தாளை அதன்மேல் ஒட்டி, தூரிகையால் தட்டிப் படியச் செய்து, மை ஒற்றி எடுப்பர். கரிய பரப்பில் எழுத்துகள் வெண்மையாகத் தோன்றும். இதுவே மசிப்படி. சிதைந்த எழுத்துகளையும் ஊகித்துப் படித்தவற்றையும் தம் பாடத்தில் புள்ளியாலோ அடைப்புக்குறியாலோ வேறுபடுத்திக் காட்டுவர், மசிப்படியைத் திருத்தமாட்டார்.

மறையும் எழுத்து

கல்லெழுத்து ஈராயிரம் ஆண்டு நிற்கும். திரையெழுத்து நொடியில் மறையும். கல்வராயன் மலையின் வெள்ளிமலையில் வாழும் மாணவி ஒருவர், கல்வி உதவித்தொகைக்கு இணையவழியில் விண்ணப்பிக்கிறார் எனக் கொள்வோம். இறுதிநாளன்று, நிறைவுப் பொத்தானை அழுத்தியதும் ஒரு பிழைச்செய்தி தோன்றி மறைகிறது. மறுநாள் மலையிறங்கிக் கள்ளக்குறிச்சிக்குச் சென்று, "ஏதோ பிழை வந்தது" என்று மட்டும் கூறினால், உதவ முன்வருவோர்க்கும் வழி புலப்படாது. பிழைச்செய்தியும் நாளும் நேரமும் பதிந்த ஒரு படம் கையிலிருப்பின், தாம் உரிய காலத்தில் முயன்றதை அவர் எடுத்துக்காட்ட இயலும். ஸ்கிரீன்ஷாட் என்று வழக்கில் வழங்கும் திரைப்பிடிப்பின் பயன் இதுவே.

பிடிக்கும் முறை

விண்டோஸ் கணினியில் விண்டோஸ் விசையையும் பிரிண்ட் ஸ்கிரீன் விசையையும் ஒருங்கே அழுத்தினால், முழுத்திரையும் படக்கோப்பாகச் சேமிக்கப்படும். விண்டோஸ், ஷிப்ட், எஸ் ஆகிய மூன்றையும் அழுத்தினால், வேண்டிய பகுதியை மட்டும் தேர்ந்து எடுக்கலாம். உபுண்டு போன்ற லினக்ஸ் இயங்குதளங்களில் பிரிண்ட் ஸ்கிரீன் விசை இப்பணியைச் செய்யும். சொடுக்கியவுடன் மறையும் பட்டியலைப் பிடிக்க, ஸ்னிப்பிங் டூல் என்னும் செயலியில் சில நொடிகள் தாமதித்து எடுக்கும் வசதி உண்டு.

எதைப் பிடிப்பது என்பதைத் தேவையே முடிவு செய்யும். நேரம் சான்றாக வேண்டுமெனில், திரையின் ஓரத்திலுள்ள கடிகாரமும் அடங்க முழுத்திரையையும் எடுத்தல் வேண்டும். எழுத்துகள் மிகுந்த படத்தைப் பிஎன்ஜி வடிவில் சேமித்தல் நன்று. ஜேபெக் வடிவின் சுருக்கத்தால் எழுத்தின் விளிம்புகள் மங்கக்கூடும்.

குறிக்கும் முறை

பிடித்த படத்தின்மேல் அம்புக்குறி, கட்டம், எண், சிறுகுறிப்பு ஆகியவற்றை இடலாம். காண்போரின் கண்ணை உரிய இடத்திற்கு அழைத்துச் செல்வதே அவற்றின் பணி. ஒரு படத்தில் இரண்டு மூன்று குறிகள் போதும். மிகின் எதுவும் தெரியாது. குறி, எழுத்தை மறைத்தலாகாது. மூலப்படத்தை மாற்றாமல் வைத்துக்கொண்டு, அதன் நகலிலேயே குறியிடுதல் வேண்டும். மசிப்படி வேறு, பாடம் வேறு என்னும் ஆய்வாளர் நெறி இங்கும் பொருந்தும்.

ஆதார் எண், கடவுச்சொல், பிறருடைய தொலைபேசி எண் முதலியன படத்தில் இருப்பின், அனுப்புமுன் மறைத்தல் கடமை. மங்கலாக்கிய எழுத்தைச் சில வேளைகளில் மீட்டுவிட முடியும். ஒளி ஊடுருவும் வண்ணக்கோடும் முழுமையாக மறைக்காது. எனவே, அடர்கரிய கட்டத்தால் முற்றிலும் மூடுவதே பாதுகாப்பானது.

சான்றும் எல்லையும்

திரைப்பிடிப்பு எளிதில் திருத்தத்தக்கது. ஆகையால், பிறர் அனுப்பிய படத்தை மட்டும் கொண்டு ஒருவர்மீது பழி சுமத்துதல் தகாது. 2024 சூலை 1 முதல் நடைமுறையிலுள்ள பாரதிய சாட்சிய அதினியத்தின் 63ஆம் பிரிவு, மின்னணுப் பதிவைச் சான்றாக முன்வைக்க உரிய சான்றிதழும் வேண்டும் என்கிறது. படத்தோடு, அதை எங்கு, எப்போது, எக்கணினியில் எடுத்தோம் என்பதையும் எழுதி வைப்பது நல்ல பழக்கம்.

மலையூர் மாணவியின் உரிமை ஒரு படத்தில் அடங்கியிருக்கலாம். அப்படம் உண்மையாக இருக்கும்வரைதான் அதற்கு மதிப்பு.

தெரியுமா?

வெட்டி நீக்கிய பகுதியும் சில வேளைகளில் கோப்பினுள் எஞ்சியிருக்கும். கூகுள் பிக்சல் கைப்பேசியின் மார்க்கப் செயலியிலும் விண்டோஸ் 11இன் ஸ்னிப்பிங் டூலிலும் இத்தகைய குறை இருந்தது 2023 மார்ச்சில் வெளிப்பட்டுத் திருத்தப்பட்டது.

கற்பவை கற்றபின்

இஸ்ரோவின் புவன் இணையதளத்தில் கல்வராயன் மலைப்பகுதியைத் திரைப்பிடிப்பாக எடுத்து, கோமுகி ஆறு மலையிலிருந்து அணைக்கும் அங்கிருந்து கள்ளக்குறிச்சிக்கும் செல்லும் வழியை அம்புக்குறிகளால் காட்டுக. ஐயமுள்ள இடத்தைப் புள்ளிக்கோட்டால் வேறுபடுத்துக.