நாட்டுப் பாடலும் மக்களின் அடையாளமும்

எளிய மக்களின் பாடல்களிலேயே ஓர் இனத்தின் உள்ளம் குடிகொண்டுள்ளது என்னும் கருத்தை ஐரோப்பாவில் பரப்பியவர்களுள் முதன்மையானவர் ஹெர்டர் என்னும் லுத்தரன் ஆயர். 1778-79ஆம் ஆண்டுகளில் பல இனத்தாரின் பாடல்களை அவர் தொகுத்து வெளியிட்டார். அவ்வழியில் லோன்ராட் என்னும் மருத்துவர் சிற்றூர்ப் பாடல்களைத் திரட்டி 1835இல் 'கலேவலா' காவியமாக்கினார். பின்லாந்து மக்கள் தம்மை ஓர் இனமாக உணர்ந்து 1917இல் விடுதலை அறிவித்ததில் அந்நூலுக்குப் பெரும்பங்குண்டு.

தமிழகத்தில் நிகழ்ந்தது வேறு. இங்கு இனவுணர்வுக்கு ஊற்றாய் அமைந்தவை உ. வே. சாமிநாதையர் முதலியோர் சுவடிகளினின்று அச்சேற்றிய பழந்தமிழ் நூல்களே. சிற்றூர்ப் பாடலுக்கு அந்த மேடையில் இடம் கிட்டவில்லை. ஆயினும் அது வாளா இருக்கவில்லை.

சவ்வாது மலையடிவாரத்துப் படவேட்டை நோக்குவோம். சம்புவராயரின் தலைநகராய் விளங்கிய இவ்வூர் 14ஆம் நூற்றாண்டில் விசயநகரப் படையிடம் வீழ்ந்தது. அரசு மறைந்தது, இங்குக் கோயில் கொண்டுள்ள ரேணுகாம்பாளின் கதையோ பம்பையோடும் உடுக்கையோடும் இன்றும் பாடப்பட்டு வருகிறது. தந்தையின் ஏவலால் தாயின் தலையை வெட்டிய பரசுராமன், வரம் பெற்று அவளை உயிர்ப்பிக்கையில், பதற்றத்தால் அத்தலையை ஒடுக்கப்பட்ட குலத்துப் பெண்ணொருத்தியின் உடலோடு பொருத்தினான் என்பது மக்கள் வழக்கு. அவளையே மாரியம்மன் என்பர். மகாபாரதம் கூறும் கதையில் இவ்வுடல் மாற்றம் இல்லை. அதனைச் சேர்த்தது வாய்மொழியே. ஊரும் சேரியும் ஓருடலாவது பாட்டில்தான் என்பதையும் மறைப்பதற்கில்லை. அம்மன் தேர் சேரிக்குள் நுழையாத ஊர்கள் பல.

இப்பாடல் மரபு ஓர் இனத்தை உருவாக்கியது கடலுக்கு அப்பால் எனலாம். 1860 முதல் நேட்டாலுக்கும் 1903 முதல் பிஜித் தீவுகளுக்கும் ஒப்பந்தக் கூலிகளாய்ச் சென்ற தமிழருள் வடஆர்க்காட்டார் மிகுதி. சுவடியும் அச்சுநூலும் அவர்களுள் பெரும்பாலோரோடு செல்லவில்லை, பாட்டு சென்றது. தமிழ்ப் பேச்சு அருகிவிட்ட குடும்பங்களிலும் மாரியம்மன் தாலாட்டு நிலைத்தது. டர்பன் அருகே மாரியம்மன் பெருவிழா பெரிய வெள்ளியன்று நடைபெறுவது நம் ஆயர்களுக்கு வியப்பளிக்கலாம். தோட்டத் தொழிலாளருக்கு அன்று விடுமுறை கிடைத்ததே காரணம் என்பர்.

நம் திருச்சபையிலோ கர்நாடக இசையில் அமைந்த கீர்த்தனைகளே நெடுங்காலம் 'தமிழிசை' எனக் கருதப்பட்டன. மதுரை அரசரடியில் இறையியல் கற்பித்த தியோபிலஸ் அப்பாவு (1940-2005) இதனை மறுத்தார். பறை முழங்க, நாட்டுப்புற மெட்டில், 'ஓர் உலை'யில் பொங்கிப் பகிர்ந்துண்ணும் மக்களின் மொழியிலேயே அவர் வழிபாட்டு முறையை அமைத்தார். ஆலயத்திற்குள் பறை வருவதைச் சபையாருள் சிலர் விரும்பவில்லை. பறையர் பிள்ளைகளாய்ப் பிறந்தோரும் அவர்களுள் இருந்தனர்.