புரியாத காகிதம் போதுமா?

குற்றம் செய்தவனைப் பிடித்து, விசாரித்து, தண்டனை கொடுப்பது சாதாரணச் சட்டம். குற்றம் செய்துவிடுவான் என்று கருதி, முன்கூட்டியே பிடித்து அடைத்து வைப்பது தடுப்புக் காவல் சட்டம்.

இதற்குக் கோர்ட்டில் வழக்கு நடக்க வேண்டியதில்லை. சாட்சிகள் கூண்டில் ஏற வேண்டியதில்லை. கலெக்டரோ, போலீஸ் கமிஷனரோ ஓர் உத்தரவில் கையெழுத்துப் போட்டால் போதும். சிறைக் கதவு மூடிக்கொள்ளும்.

உள்ளே போனவருக்குக் கதி என்ன? அவருக்கு ஒரு பிடி உண்டு. "என்னை ஏன் அடைத்தீர்கள்?" என்று கேட்கும் உரிமைதான் அது!

அரசியல் சட்டத்தின் 22-வது பிரிவு இந்த உரிமையைக் கொடுக்கிறது. காவலில் வைத்ததற்கான காரணங்களைக் கூடிய விரைவில் தெரிவிக்க வேண்டும். "இது சரியல்ல" என்று அவர் மனுக் கொடுக்க வாய்ப்பும் அளிக்க வேண்டும்.

இந்த இரண்டு வரிகளை வைத்துத்தான் எத்தனையோ பேர் கோர்ட்டுப் படி ஏறினார்கள்.

தோற்றவர் பெற்ற வெற்றி

மலபார் அப்போது சென்னை ராஜ்யத்தில் இருந்தது. அங்கே பிறந்தவர் கம்யூனிஸ்டுத் தலைவர் ஏ.கே.கோபாலன். 1947 டிசம்பர் முதல் அவர் சிறையில் இருந்தார். சாதாரணச் சட்டப்படி அவருக்கு விதித்த தண்டனைகள் ரத்தாயின. ஆனாலும் வெளியே வர முடியவில்லை.

1950 பிப்ரவரியில் பாராளுமன்றம் தடுப்புக் காவல் சட்டத்தை நிறைவேற்றியது. மார்ச் 1-ந்தேதி, சிறையில் இருந்த கோபாலனிடமே அந்தச் சட்டப்படி ஒரு புதிய உத்தரவு கொடுக்கப்பட்டது.

கோபாலன் சும்மா இருக்கவில்லை. சுப்ரீம் கோர்ட்டில் மனுப் போட்டார். அவருக்காக எம்.கே.நம்பியார் வாதாடினார். 6 நீதிபதிகள் விசாரித்தார்கள். 1950 மே 19-ந்தேதி தீர்ப்பு வந்தது.

கோபாலன் தோற்றார். சட்டம் செல்லும் என்று பெரும்பாலான நீதிபதிகள் கூறிவிட்டார்கள். ஆனால் ஒன்றில் மட்டும் 6 பேரும் ஒரே முடிவுக்கு வந்தார்கள்.

அந்தச் சட்டத்தின் 14-வது பிரிவு என்ன சொன்னது தெரியுமா? காவலுக்கான காரணங்களைக் கைதி கோர்ட்டில் கூடச் சொல்லக்கூடாது! அப்படியானால் நீதிபதிகள் எதைப் பார்த்து நியாயம் சொல்வது? அந்தப் பிரிவு செல்லாது என்று சுப்ரீம் கோர்ட்டு அடித்துவிட்டது.

அன்று முதல் காரணக் காகிதத்தைக் கோர்ட்டில் காட்ட வழி பிறந்தது.

இந்திக்காரருக்கு இங்கிலீஷ்!

காகிதம் கையில் கிடைத்தது. ஆனால் அதைப் படிக்கத் தெரியாவிட்டால்?

நாகபுரியில் ஒருவரைக் காவலில் வைத்தார்கள். அவருக்கு இந்தி தெரியும், இங்கிலீஷ் தெரியாது. காரணங்களை இங்கிலீஷில் கொடுத்தார்கள். "இந்தியில் கொடுங்கள்" என்று கேட்டார். சர்க்கார் மறுத்துவிட்டது. "வாயால் எடுத்துச் சொல்லிவிட்டோம். அது போதும்" என்று வாதாடியது.

சுப்ரீம் கோர்ட்டு இதை ஏற்கவில்லை. காரணம் புரிந்தால்தானே பதில் எழுத முடியும்? புரியாத மொழியில் எழுதிக் கொடுப்பது, கொடுக்காததற்குச் சமம். 1962-ல் அவருக்கு விடுதலை கிடைத்தது.

1968-ல் ஒரிசாவிலிருந்து இன்னொரு வழக்கு வந்தது. கைதியிடம் கொடுத்த காகிதம் 14 பக்கம்! அவருடைய 13 ஆண்டு நடவடிக்கைகள் அதில் இருந்தன. அத்தனையும் இங்கிலீஷில்! ஒரியா மொழிபெயர்ப்பு தாமதமாகத்தான் வந்தது. இவ்வளவு நீண்ட உத்தரவை வாயால் சொன்னால் போதாது என்று சுப்ரீம் கோர்ட்டு கூறியது. அவரும் விடுதலை ஆனார்.

கதவு மூடிய காலம்

இந்தக் கோர்ட்டுக் கதவும் ஒரு முறை மூடியது. நெருக்கடி நிலையின்போது, 1976 ஏப்ரல் 28-ந்தேதி, காவலை எதிர்த்து ஐகோர்ட்டுக்குப் போக முடியாது என்று சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்பளித்தது. 5 நீதிபதிகளில் எச்.ஆர்.கன்னா ஒருவர் மட்டுமே மறுத்தார். 2017-ல் சுப்ரீம் கோர்ட்டே அந்தத் தீர்ப்பு தவறு என்று தள்ளிவிட்டது.

குடும்பத்தார் கவனிக்க

1950-ம் ஆண்டுச் சட்டம் 1969 முடிவில் காலாவதி ஆகிவிட்டது. ஆனால் தடுப்புக் காவல் மறையவில்லை. தமிழ்நாட்டில் "குண்டர் சட்டம்" என்று எல்லோரும் சொல்கிறார்களே, 1982-ம் ஆண்டுச் சட்டம், அதுவும் இந்த வகைதான். இதில் 12 மாதம் வரை அடைத்து வைக்கலாம். அடைத்த 5 நாளுக்குள் காரணம் தெரிவிக்க வேண்டும்.

அதிகாரியின் சந்தேகம் சரியா என்று கோர்ட்டு தராசில் போட்டு நிறுப்பதில்லை. சட்டம் சொன்ன முறைப்படி நடந்தாரா என்றே முக்கியமாகப் பார்க்கும். ஆகவே ஒவ்வொரு காகிதமும் முக்கியம். ஒவ்வொரு தேதியும் முக்கியம்.

காகிதம் எந்தத் தேதியில் கையில் கிடைத்தது? தெரிந்த மொழியில் இருக்கிறதா? எல்லாப் பக்கமும் இருக்கிறதா? படிக்கும்படி தெளிவாக இருக்கிறதா? சர்க்காருக்குக் கொடுத்த மனுவுக்குப் பதில் எப்போது வந்தது? இவற்றைக் குறித்து வைத்து வக்கீலிடம் காட்ட வேண்டும். தாயோ, மனைவியோ, உடன்பிறந்தவரோ ஐகோர்ட்டில் ஆட்கொணர்வு மனுப் போடலாம்.

குற்றவாளிக்கு இத்தனை சலுகையா என்று சிலர் கேட்கலாம். அவர் குற்றவாளி என்று இன்னும் எந்தக் கோர்ட்டும் சொல்லவில்லையே! அதனால்தான், அடைத்ததற்குக் காரணத்தையாவது அவருக்குப் புரியும்படி சொல்லியாக வேண்டும்.