ஒரே சாலை, இரண்டு சட்டம்

சென்ற ஞாயிறன்று நாங்கள் நால்வர் அத்திபெலேயிலிருந்து ஜூஜூவாடிவரை நடந்தோம். வழிகாட்டியவர் ஓசூர்ப் பெரியவர் ஒருவர்.

1937 அக்டோபர் முதல் நாள் இராஜாஜியின் அரசு மதுவிலக்கை முதன்முதலாகச் சேலம் மாவட்டத்தில் புகுத்திற்று. ஓசூர் அன்று அம்மாவட்டத்தைச் சேர்ந்தது. அத்திபெலேயோ மைசூர் சமஸ்தானம். அங்கே அத்தடை இல்லை. ஆகவே இப்பால் வெறும் சரக்காயிருந்த புட்டி, நாலடி அப்பால் வைத்தால் குற்றம்! கள்ளக்கடத்தலுக்கு வேறென்ன வேண்டும்? சட்டம் இயற்றியோர் இச்சாலையில் நடந்து பார்த்தார்களோ என்னவோ!

"மதுவிலக்கென்றதும் பாட்டி பொங்கலிட்டாளாம். பாட்டனாரோ கூலி வாங்கியதும் எல்லை தாண்டிவிடுவாராம்," என்றார் பெரியவர்.

"பிறகு?" என்றேன்.

"கூலிநாளில் பாட்டியே இங்கு வந்து நிற்பாளாம், இடுப்பில் குழந்தையோடு. அந்தக் குழந்தைதான் என் தகப்பனார்."